மௌனம் எப்போது சம்மதம்?



சென்ற மாதம் வந்த கடிதங்களுள் ஒன்றை மடித்து வைக்க மனம் வரவில்லை. எழுதியவளுக்கு வயது 23. கல்வியியற் கல்லூரியில் படிக்கிறாள். மாப்பிள்ளை கட்டாரில் தொழில் பார்ப்பவர். குணத்தில் குறை சொல்ல ஒன்றுமில்லையாம். ஆனால் அவளுக்கு மனமில்லை. இரண்டு தடவை சொல்லியும் விட்டாள். உம்மா அழுதார். வாப்பா சோற்றில் கை வைக்காமல் எழுந்து போனார். "உனக்குப் பின்னால இன்னும் ரெண்டு குமர் இரிக்கி" என்றார் மாமி. மூன்றாம் முறை கேட்டபோது அவள் வாய் திறக்கவில்லை. "புள்ள சம்மதிச்சிட்டா, குமர்ட மௌனம்தானே சம்மதம்" என்று சாச்சி மாப்பிள்ளை வீட்டுக்குச் சொல்லியனுப்பி விட்டாராம்.

சாச்சி சொன்ன ஹதீஸ் உண்மையானதுதான். புகாரியில் இருக்கிறது. ஆனால் எந்தக் கேள்விக்கு வந்த விடை அது? கன்னிப் பெண் வெட்கப்படுவாளே என்று ஆயிஷா (ரலி) அவர்கள் கேட்டபோது றஸூலுல்லாஹ் (ஸல்) அவர்கள் அளித்த விடை. நாணத்தால் பேசாதவளுக்குரிய சலுகையை, வேண்டாம் என்று சொல்லிக் களைத்தவள் மீது எப்படிச் சுமத்துவது? பிடிக்காத இடத்தில் தந்தை மணமுடித்து வைத்தார் என்று முறையிட்ட கன்ஸா பின்த் கிதாம் (ரலி) அவர்களின் நிகாஹை நபியவர்கள் ரத்துச் செய்ததும் அதே புகாரியில்தான் வருகிறது. அவர் முன்னர் மணமானவர். கன்னியொருத்தி முறையிட்டபோது அவளுக்கும் தெரிவுரிமை கொடுத்ததாக அபூதாவூதில் உண்டு. கன்னி மகள் விடயத்தில் தகப்பனுக்குத் தனி அதிகாரம் உண்டென்று ஷாபிஈ மத்ஹபைக் காட்டுவோர், அவளிடம் கேட்பது சுன்னத் என்று அதே மத்ஹப் சொல்வதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் வந்தபோது பதிவுப் படிவத்தில் மணமகள் ஒப்பமிட இடம் வைக்கப்படவில்லை. அவள் மனதை அறியும் பொறுப்பு முழுவதும் வீட்டார் தலையில் விழுந்தது.

தாய்மாரின் பயமும் எனக்குத் தெரியாததல்ல. இந்த மாப்பிள்ளை கைக்கூலி கேட்கவில்லையாம். வீடும் கேட்கவில்லையாம். இப்படியொன்று மறுபடி வருமா என்று உம்மா துடிப்பது நியாயந்தான். அந்தப் பயத்தை உண்டாக்கியது மகளல்ல, கைக்கூலி வாங்கும் நம் ஊர்கள்.

மகளே, சாச்சியோடு வாதாடாதே. உன் வலி வாப்பாதான். அவரிடம் நேரே சொல். அழுகை முந்தினால் தாளில் எழுதிக் கொடு. அதுவும் முடியாவிட்டால் வாப்பா மதிக்கும் ஆலிம் ஒருவரிடம் உன் மாமாவை அனுப்பு. நாள் குறிக்குமுன் இது நடக்க வேண்டும். கல்லூரி விலாசத்துக்கே தனியாகவும் எழுதியிருக்கிறேன். பதில் போடு.