பத்தாயிரம் ரூபாயில் கைகழுவப்பட்ட கடமை

ஆண்டுதோறும் ஜூலை மாதத்தில் இராணுவ வீரரின் ஊதியப் பட்டியலில் புதிதாக ஒரு வரி சேரும். சீருடைப்படி என்று அதற்குப் பெயர். 2017 ஜூலையில் அத்தொகை ரூ.10,000. ஆறரை ஆண்டுகள் அசையாமல் இருந்துவிட்டு, 2024 தொடக்கத்தில் அகவிலைப்படி ஐம்பது விழுக்காட்டைத் தொட்ட பிறகே ரூ.12,500 ஆக உயர்ந்தது. விண்ணப்பமும் பற்றுச்சீட்டும் இன்றி நேரே வங்கிக் கணக்கில் விழும் இத்தொகையை ஆட்சியாளர்கள் நிர்வாகச் சீர்திருத்தம் என்று வருணிக்கிறார்கள். படைவீரனுக்கு உடை அளிப்பது அரசின் கடமையா, அல்லது அவனே பார்த்துக்கொள்ள வேண்டிய சொந்தச் செலவா என்ற பழைய கேள்விக்கு, எந்த விவாதமும் இன்றி எழுதப்பட்ட புதிய விடை அந்த ஒற்றை வரிக்குள் இருக்கிறது. அதைத்தான் நாம் கேள்விக்கு உள்ளாக்க வேண்டும்.

நீதிபதி ஏ.கே.மாத்தூர் தலைமையிலான ஏழாவது ஊதியக்குழு 2015 நவம்பரில் தன் அறிக்கையை அளித்தது. நடைமுறையில் இருந்த 196 படிகளை அது ஆராய்ந்தது. உடைப்படி, தொடக்கநிலைத் தளவாடப்படி, காலணிப்படி, சலவைப்படி என்று சீருடையைச் சுற்றித் தனித்தனியே வழங்கப்பட்டவை அனைத்தையும் ஒரே படியாகச் சுருக்கி, ஆண்டுக்கு ஒருமுறை ரொக்கமாகக் கொடுத்துவிடலாம் என்று பரிந்துரைத்தது. நிதித்துறைச் செயலாளர் அசோக் லவாசா தலைமையில் மற்றொரு குழு அமைத்துக் காலம் கடத்திய மோடி அரசு, 2017 ஜூன் இறுதியில் இதனை ஏற்றது. ஊதிய உயர்வு 2016 ஜனவரி முதல் நாளிலிருந்து கணக்கிடப்பட்டபோதும், திருத்திய படிகள் 2017 ஜூலை முதல் தேதியிலிருந்தே நடைமுறைக்கு வந்தன. இடைப்பட்ட பதினெட்டு மாதங்களுக்கு நிலுவைத் தொகை கிடையாது. எல்லைக் காவலின் பெருமையை மேடைதோறும் முழங்குவோர் இந்தப் பதினெட்டு மாதங்களைப் பற்றி வாய் திறப்பதில்லை.

தனித்தனிப் பட்டியல்களையும் பற்றுச்சீட்டுகளையும் தாங்கிக்கொண்டு எழுத்தர்களின் மேசைமுன் காத்திருந்த நிலை ஒழிந்ததில் நமக்கு வருத்தம் ஏதுமில்லை. எளிமையை நாம் எதிர்க்கவில்லை. அந்த எளிமையின் உள்ளே எது மடித்து வைக்கப்பட்டது என்று விரித்துப் பார்க்கிறோம்.

முதலில் கண்ணில் படுவது படிநிலை. முப்படை அதிகாரிகளுக்கும் மத்திய ஆயுதக் காவற்படைகளின் அதிகாரிகளுக்கும் ரூ.20,000. அவர்களுக்குக் கீழுள்ள படைவீரர்களுக்கு ரூ.10,000. இரயில்வேயின் தண்டவாளப் பராமரிப்பாளர், ஓட்டுநர், பன்முகப் பணியாளர் போன்றோருக்கு ரூ.5,000. பிரதமரைக் காக்கும் சிறப்புப் பாதுகாப்புக் குழுவில் களப்பணியாற்றுவோருக்கு ரூ.27,800. அதிகாரிக்கு விருந்துக்கூட உடை, சடங்கு உடை என்று வகைகள் மிகுதி என்பார்கள். இருக்கலாம். ஆனால் உடை மிக விரைவில் கிழிவது யாருக்கு? ஜல்லிக்கற்களின் மேல் நாள்தோறும் பல கிலோமீட்டர் நடந்து, தண்டவாளத்தை முடுக்கி, எண்ணெய்ப் பிசுக்கிலும் வேர்வையிலும் ஊறிப்போகும் தொழிலாளிக்கு அரசு அளந்தது மாதத்திற்கு 416 ரூபாய்.

அமைச்சக ஆணைகளை ஆங்கிலத்திலிருந்து தமிழாக்குவது பல்லாண்டுகளாக என் பணி. படைவீரர்களைக் குறிக்க அந்த ஆணைகள் பயன்படுத்தும் தொடரை எத்தனையோ முறை பெயர்த்திருக்கிறேன்: ‘அதிகாரி நிலைக்குக் கீழ்ப்பட்ட பணியாளர்’. ஒரு மனிதனை அவன் செய்யும் தொழிலால் குறிக்காமல், அவன் யாருக்குக் கீழே நிற்கிறான் என்பதால் குறிக்கும் தொடர் இது. ‘படி’ என்ற நம் சொல்லோ இன்னும் வெளிப்படையானது. நெல் அளக்கும் கருவிக்கும் அதுதான் பெயர். ஏறும் படிக்கட்டுக்கும் அதுதான் பெயர். கூலி அளக்க ஒரு மரக்கால், வாரம் அளக்க வேறொரு மரக்கால் என்றிருந்த கள்ளத்தனத்தை எதிர்த்து, முத்திரையிட்ட மரக்கால் வேண்டுமென்று கீழத்தஞ்சையின் விவசாயத் தொழிலாளர்கள் போராடிய வரலாற்றை அறிந்தவர்களுக்கு, இருபது, பத்து, ஐந்து என்ற இந்த மூன்று மரக்கால்களும் புதியவையாகத் தோன்றா.

அளவு உயரும் விதத்திலும் ஒரு சூது இருக்கிறது. அகவிலைப்படி ஐம்பது விழுக்காடு ஏறும்போதெல்லாம் சீருடைப்படி இருபத்தைந்து விழுக்காடு உயரும் என்பது விதி. விலைவாசி ஒன்றரை மடங்கானால் பத்தாயிரம் பதினைந்தாயிரம் ஆகியிருக்க வேண்டும். ஆனதோ பன்னிரண்டாயிரத்து ஐந்நூறு. அதாவது, விலை உயர்வில் பாதியை வீரனே தாங்கவேண்டும் என்று முன்கூட்டியே எழுதிவைத்துவிட்டார்கள். பெருந்தொற்றைக் காரணம் காட்டி 2020 ஜனவரி முதல் ஒன்றரை ஆண்டுகள் அகவிலைப்படி உயர்வை முடக்கி, மூன்று தவணைகளின் நிலுவையை விழுங்கியதும் இதே அரசுதான். இடைப்பட்ட காலத்தில் துணியும், தோலும், தையற்கூலியும் எந்த ஊதியக்குழுவின் அனுமதிக்கும் காத்திருக்கவில்லை.

செவிலியர்களின் நிகழ்வு வேறு விதமானது. தூய்மைக்கும் பராமரிப்புக்கும் அவர்களுடைய சீருடை மிகுந்த செலவு கோருவது என்ற காரணத்தை ஏற்று, அவர்களுக்கு மட்டும் மாதந்தோறும் ரூ.1,800 என்று அதே 2017இல் முடிவாயிற்று. பணியின் தன்மையைப் பார்த்து அளவை மாற்ற முடியும் என்பதற்கு அரசின் சொந்த ஆணையே சான்று. மாற்ற மனம் வர வேண்டும், அவ்வளவுதான்.

இவையெல்லாம் தொகை பற்றிய வழக்கு. இதனினும் பெரிய வழக்கு, துணியை வெட்டித் தைக்கும் கைகளைப் பற்றியது.

இந்திய இராணுவத்தின் உடைகளைத் தைத்தவை அரசின் தொழிற்சாலைகள். உத்தரப்பிரதேசத்தின் ஷாஜகான்பூரில் 1914ஆம் ஆண்டு முதலும், சென்னையை அடுத்த ஆவடியில் 1961 முதலும் இயங்கும் உடைத் தொழிற்சாலைகள். கான்பூர், ஹஸ்ரத்பூர் ஆகிய இடங்களின் தளவாடத் தொழிற்சாலைகள். ஆவடியின் தையல் எந்திரங்களின் முன் பெருந்தொகையாக அமர்ந்திருப்பவர்கள் பெண்கள். சீருடைப்படி அறிவிக்கப்பட்ட அதே 2017இல், பாதுகாப்பு அமைச்சகம் வேறொரு வேலையையும் செய்தது. ஆயுதத் தொழிற்சாலைகள் தயாரித்துவந்த பொருள்களுள் இருநூறுக்கும் மேற்பட்டவற்றை ‘முதன்மையற்றவை’ என்று பட்டியலிட்டு, அவற்றை இராணுவம் வெளிச்சந்தையில் வாங்கிக்கொள்ள வழி திறந்தது. உடைகளும் அப்பட்டியலில் இருந்தன. வீரன் கையில் பணம், சந்தையில் துணி. பின் தொழிற்சாலை எதற்கு? ஊதியக்குழுவின் ஆணையையும் அமைச்சகத்தின் பட்டியலையும் தனித்தனியே படித்தால் இந்தக் கேள்வி எழாது. ஒன்றன்மேல் ஒன்று வைத்துப் படித்த தொழிலாளர்கள் உடனே புரிந்துகொண்டார்கள், தெருவில் இறங்கினார்கள்.

2019 ஆகஸ்டு 20ஆம் நாள் தொடங்கிய வேலைநிறுத்தத்தில், ஆளுங்கட்சியின் சொந்தப் பரிவாரத்தைச் சேர்ந்த சம்மேளனம் உட்பட மூன்று சம்மேளனங்களும் ஒன்றாக நின்றன. பேசித் தீர்ப்போம் என்ற அரசின் சொல்லை நம்பி ஒரு வாரத்திற்குள் அப்போராட்டம் நிறுத்திவைக்கப்பட்டது. அந்தச் சொல் என்னாயிற்று? 2021 ஜூன் 16 அன்று அமைச்சரவை முடிவெடுத்தது. அக்டோபர் முதல் நாள் ஆயுதத் தொழிற்சாலை வாரியமே கலைக்கப்பட்டு, 41 தொழிற்சாலைகளும் ஏழு நிறுமங்களாகக் கூறுபோடப்பட்டன. உடை தைக்கும் நான்கும் ‘ட்ரூப் கம்ஃபர்ட்ஸ் லிமிடெட்’ என்ற பெயருக்குள் அடைக்கப்பட்டன. இரண்டுக்கும் நடுவே, ஜூன் 30 அன்று, அத்தியாவசியப் பாதுகாப்புப் பணிகள் அவசரச் சட்டம் வந்தது; ஆகஸ்டில் அது சட்டமாயிற்று. தடையை மீறி வேலைநிறுத்தம் செய்தால் ஓராண்டு வரை சிறை, அல்லது பத்தாயிரம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். தூண்டுவோருக்கு ஈராண்டு வரை சிறை.

அந்தத் தொகையைக் கவனியுங்கள். வீரனின் ஓராண்டு உடைக்கு அரசு அன்று போட்ட விலையும் பத்தாயிரம். அவ்வுடையைத் தைப்பவள் ஊசியைக் கீழே வைத்தால் அவளுக்குப் போட்ட விலையும் பத்தாயிரம்!

சீருடை தைப்பது, ஆணை வழங்கும் நேரத்தில் ‘முதன்மையற்றது’. தொழிலாளி உரிமை கேட்கும் நேரத்தில் ‘அத்தியாவசியம்’. இரண்டில் எது உண்மை என்று ஆட்சியாளர்கள் இதுவரை விளக்கவில்லை.

விடையை இராணுவமே தந்துவிட்டது. 2016 ஜனவரியில் பதான்கோட் விமானதளத்தைத் தாக்கியவர்கள் இராணுவ உடையில் வந்தார்கள். அதன்பின், போர்ச்சீருடை போன்ற துணிகளை விற்கவும் அணியவும் வேண்டாமென்று பொதுமக்களையும் கடைக்காரர்களையும் இராணுவம் கேட்டுக்கொண்டது. 2022 ஜனவரி 15, இராணுவ நாளன்று புதிய போர்ச்சீருடை அறிமுகமானது. அதன் வடிவமைப்பையும் உருமறைப்புக் கோலத்தையும் யாரும் படியெடுக்கக் கூடாதென்று அறிவுசார் சொத்துரிமையாகப் பதிவு செய்தார்கள். அதிகாரிகள் இராணுவ விற்பனையகங்கள் வழியே வாங்கிக்கொள்ள ஏற்பாடாயிற்று. வீரர்களுக்கு நேரடியாக வழங்க 11.70 லட்சம் சீருடைகள் மொத்தமாகக் கொள்முதல் செய்யப்படும் என்று அறிவிப்பு வந்தது. ஆக, போர்ச்சீருடையைச் சந்தையின் கையில் விட முடியாது என்பதை ஐந்தே ஆண்டுகளில் அவர்களே ஒப்புக்கொண்டார்கள். அப்படியானால் அந்த 11.70 லட்சம் சீருடைகளும், நூற்றாண்டுக் காலமாக இத்தொழிலை நடத்திவரும் அரசுத் தையற்கூடங்களுக்கு அல்லவா நேரே சென்றிருக்க வேண்டும்? ஒப்பந்தப்புள்ளி கோரினார்கள். சொந்தத் தொழிற்சாலையைத் தனியார் தையலகங்களோடு வரிசையில் நின்று விலை சொல்லச் சொன்னார்கள். நிரந்தரத் தொழிலாளிக்கு ஓய்வூதியமும் மருத்துவமும் கொடுக்கும் நிறுவனம், துண்டு வீதக் கூலிக்கு ஆள் பிடிக்கும் நிறுவனத்தோடு விலையில் போட்டியிட வேண்டுமாம்.

அரசுத் தொழிற்சாலையின் உடை அளவு சரியாயிராது, தாமதமாக வரும் என்று வாதிடுவோர் உண்டு. அந்தக் குறை முழுவதும் கற்பனை என்று நாம் சொல்லவில்லை. கிடைத்த சட்டையைப் படைப்பிரிவின் தையற்காரரிடம் பிடித்துத் தைத்துக்கொண்ட அனுபவம் எந்த முன்னாள் வீரரிடமும் கேட்டால் கிடைக்கும். ஆனால் தாமதம் எங்கே பிறக்கிறது? சியாச்சின், லடாக் போன்ற பனிமலைகளில் பணியாற்றுவோரின் சிறப்பு உடைகள் சீருடைப்படிக்குள் அடங்கா. அவற்றை அமைச்சகமே வழங்கவேண்டும் என்பது ஊதியக்குழுவின் நிபந்தனை. அக்கடமை எவ்வாறு நிறைவேறியது என்பதை 2020 பிப்ரவரியில் நாடாளுமன்றத்தில் வைக்கப்பட்ட தலைமைக் கணக்குத் தணிக்கையாளரின் அறிக்கை சொல்கிறது. கொள்முதலில் நான்கு ஆண்டுகள் வரை தாமதம். பனிக்கண்ணாடியில் 62 முதல் 98 விழுக்காடு வரை பற்றாக்குறை. 2015 நவம்பர் முதல் 2016 செப்டம்பர் வரை பன்முகப் பயன்பாட்டுக் காலணிகள் வழங்கப்படாததால் பழையவற்றையே செப்பனிட்டு அணிய நேர்ந்தது. ஆயுதத் தொழிற்சாலைகளோடு ஒப்பந்தம் முடிப்பதில் நேர்ந்த தாமதத்தையும் அவ்வறிக்கை காரணங்களுள் ஒன்றாகச் சுட்டுகிறது. எந்திரமும் தொழிலாளியும் காத்திருக்க, கோப்பு நகரவில்லை என்பது இதன் பொருள். கோப்பு நகராததற்குத் தையற்கூடத்தைத் தண்டிப்பது எந்த ஊர் நியாயம்?

படைவீரனின் உடையில் ஆதாயம் பார்ப்பது இந்நாட்டில் பழைய தொழில். கம்பெனிப் படையின் சிப்பாய், உடையின் ஒரு பகுதிக்குத் தன் சம்பளத்திலேயே பிடித்தம் கொடுத்தான். உடைக் கொள்முதலில் படைப்பிரிவின் தலைவர்கள் இலாபம் கண்டார்கள். என்ன அணிய வேண்டும் என்பதையும் அவனைக் கேளாமல் வகுத்தார்கள். புதிய தலைப்பாகையைத் திணித்ததன் விளைவை 1806 ஜூலையில் வேலூர்க் கோட்டையில் கண்டார்கள்.

இன்று படைக்குள் வரும் இளைஞனின் நிலையோ வேறு. 2022 ஜூனில் அறிவிக்கப்பட்ட அக்னிபாத் திட்டத்தில் முதலாண்டு மாத ஊதியம் ரூ.30,000, அதில் ஒன்பதாயிரத்தைப் பிடித்துக்கொண்டு கையில் தருவது ரூ.21,000. சீருடைப்படி உண்டு, அகவிலைப்படி இல்லை. ஓய்வூதியமும் இல்லை. நான்காண்டுகள் முடிந்ததும் நால்வரில் மூவர் வெளியே. ஒருவனுக்கு ஐந்தாவது ஆண்டுச் சீருடையே தேவைப்படாதபடி திட்டமிட்டுவிட்டு, அவனுக்கும் ஜூலை மாதத்தில் படி உண்டு என்று பெருமை பேசுகிறார்கள்.

நீதிபதி ரஞ்சனா பிரகாஷ் தேசாய் தலைமையில் எட்டாவது ஊதியக்குழு 2025 நவம்பரில் அமைக்கப்பட்டுவிட்டது. பதினெட்டு மாதங்களில் அது அறிக்கை தரவேண்டும். படைவீரர்களுக்குச் சங்கம் அமைக்கும் உரிமை இல்லை. அவர்களின் குரலாகப் பேசுவதாகச் சொல்லிக்கொள்வோர் ஊதியக்குழுவின் முன் ரொக்கத்தை இன்னும் சில ஆயிரம் கூட்டக் கேட்பார்கள். அரசும் கூட்டிக் கொடுத்துவிட்டுத் தையற்கூடங்களின் மீது கை வைக்கும். பாதுகாப்புத் துறைத் தொழிற்சங்கங்களும் இரயில்வேத் தொழிற்சங்கங்களும் இப்போதே ஒன்றுகூடி வைக்க வேண்டிய கோரிக்கை வேறு. அடிப்படைச் சீருடையைப் பொருளாகவே வழங்கு; அதை ஷாஜகான்பூரிலும் ஆவடியிலும் கான்பூரிலும் ஹஸ்ரத்பூரிலும் ஒப்பந்தப்புள்ளியின்றித் தை; சலவைக்கும் பராமரிப்புக்கும் உரிய படியை மாதந்தோறும், விலைவாசி உயர்வின் முழு அளவுக்கும் ஈடாகக் கொடு; தண்டவாளத் தொழிலாளிக்கும் படைவீரனுக்கும் அதிகாரிக்கும் அந்தப் பராமரிப்புப் படி ஒன்றாகவே இருக்கட்டும். சட்டையை வெளுக்கும் சவர்க்காரத்தின் விலை பதவிக்குப் பதவி வேறுபடுவதில்லையே.