மூத்த பற்றரியும் மலைநாட்டு இரவும்

1990களில், லயங்களுக்கு மின்சாரம் எட்டாத காலத்தில், கார்ப் பற்றரியைத் தோளிற் சுமந்து பசறைக்குச் சென்று மின்னேற்றி வருவது என் வேலை. தீபாவளிக்குப் படம் பார்க்கவேண்டுமல்லவா! புதிதில் ஒருமுறை ஏற்றினால் ஒரு வாரம் தாங்கிற்று. மூன்றாம் ஆண்டில் இரண்டு நாளும் நிற்கவில்லை. கடைக்காரர் ஏமாற்றுகிறார் என்றார் அப்பா. குற்றம் எங்களுடையதே. அடியோடு வெறுமையாகும்வரை பாவித்து நாட்கணக்கிற் போட்டுவைத்தோம். ஈயத் தகடுகளில் ஈய சல்பேற்று படிந்து இறுகிவிட்டது.

கைத்தொலைபேசியின் இலிதியப் பற்றரி வேறு வழியால் மூப்படைகிறது. மின்னேறும் ஒவ்வொரு தடவையும் இலிதியத்தின் சிறு பங்கு, பென்சிற் கரியாலான தகட்டின்மேற் படலமாகி வீணாகிறது, உள்தடை வளர்கிறது. ஏறத்தாழ 500 முழுச் சுற்றுகளின் பின் ஐந்தில் நான்கு பங்குக் கொள்ளளவே எஞ்சும் என்பது பொதுக் கணக்கு. வெப்பமும், எந்நேரமும் நூறு வீதத்தில் வைத்திருப்பதும் அதனை விரைவுபடுத்தும். எங்கள் மலைக்குளிர் மூப்பைத் தருவதன்று; மூத்ததைக் காட்டிக்கொடுப்பது. முப்பது வீதம் என்று திரை சொல்லிக்கொண்டிருக்கும்போதே கருவி அணைந்துவிடும்.

இது வெறும் பௌதிகப் பாடமா? 2014 ஒக்டோபர் 29 இல் மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. அபாயம் முன்னரே சுட்டிக்காட்டப்பட்டும் மக்கள் அங்கேயே இருந்தனர். இன்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் மண்சரிவு அறிவித்தல்கள் என் உறவினரை எட்டுவது கைத்தொலைபேசி வழியாகவே. 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல்மழை கொட்டியபோது பதுளை மாவட்டத்தின் பல பகுதிகளில் மின்சாரமும் இல்லை, தொடர்பும் இல்லை. அண்ணன் மகனின் கருவி, கொழும்பில் ஒருவர் ஐந்தாண்டு பாவித்துக் கழித்தது. முதலிரவே அணைந்தது. தொடர்பு மீண்ட பின்னும் அழைத்து அழைத்து ஓய்ந்தோம். நான்காம் நாள் அவன் பதுளைக்கு நடந்துவந்த பின்னரே உயிருடனிருப்பது தெரிந்தது.

எச்சரிக்கை எத்தனை பேருக்கு அனுப்பப்பட்டது என்று கணக்குக் காட்டுவோர், அவர்களுள் எத்தனை பேரின் கருவி விடியும்வரை இயங்கியது என்றும் எண்ணவேண்டும். நகரில் முதுமையடைந்த பின்னரே பற்றரி தோட்டத்துக்கு வருகிறது. ஆளுக்கொரு புதுக் கருவி கேட்கவில்லை. பிள்ளைக் காம்பராவிலோ கோயிலிலோ ஒரு சூரியத் தகடு, ஒரு சேமக்கலம், ஓர் அபாயச் சங்கு போதும். ஆனால் சேமக்கலத்தை ஆண்டுதோறும் சோதித்து, மூத்ததும் மாற்றவேண்டும். அதற்கான பணத்தை முதல்நாளே ஒதுக்கவேண்டும். தகடு இருபது ஆண்டு உழைக்கும், சேமக்கலம் உழைக்காது. 2000களில் ஊவாவிற் கடன்பட்டு வாங்கிய சூரிய விளக்குகளுட் சிலவற்றை நான் அறிவேன். பற்றரி மாற்றப் பணமின்றி, பழுதில்லாத தகடு கூரைமேல் வெறுமனே வெயில் காய்ந்துகொண்டிருந்தது.