பிரிக் லேன் வீதியில் ஒரு வரலாற்று நடை: நாம் காண்பதும் காணாததும்



பூமியில் பயணம் செய்து, நமக்கு முன் வாழ்ந்தோரின் முடிவு என்னவாயிற்று என்று சிந்திக்குமாறு திருக்குர்ஆன் பல இடங்களில் நம்மை ஏவுகிறது. விடுமுறைச் சுற்றுலாவுக்கு இவ்வசனங்களை ஆதாரம் காட்டும் வழக்கம் நம்மிடையே பெருகியிருக்கிறது. நல்லதுதான். ஆனால் அங்கு ஏவப்பட்டிருப்பது பயணம் மட்டுமன்று, பார்வையும் ஆகும். பார்வையைப் பற்றியே இங்குப் பேச விரும்புகிறோம்.

லண்டனில் உறவினரைக் கொண்ட தமிழ் முஸ்லிம் குடும்பங்கள் இன்று பல. கோடையில் அங்குச் செல்வோர் அரண்மனையையும் தேம்ஸ் நதிப் பாலங்களையும் கண்டுவிட்டு, ஹலால் உணவை நாடிக் கிழக்கு லண்டனின் பிரிக் லேன் வீதிக்கு வந்து சேர்கிறார்கள். அண்மைக் காலமாக உணவோடு ‘வழிகாட்டியுடன் நடைப்பயணம்’ என்பதும் சேர்ந்துகொண்டது. சுவரோவியங்களைக் காட்டும் நடை, உணவுக் கடைகளைக் காட்டும் நடை, கிளர்ச்சி வரலாற்றைக் கூறும் நடை, 1888-இல் நிகழ்ந்த கொலைகளைக் கூறும் இரவு நடை என அதில் வகைகள் பல. சென்ற ஆண்டு உறவினர் இல்லத் திருமணத்திற்காக அங்குச் சென்றிருந்த நாமும் பிள்ளைகளோடு கிளர்ச்சி வரலாற்று நடையொன்றில் கலந்துகொண்டோம். இரண்டு மணி நேரம், இருபது பேர். வழிகாட்டி படித்தவர், பண்பானவர், கதை சொல்லத் தெரிந்தவர். அவர்மீது நமக்குக் குறையில்லை.

அவர் கூறிய வரலாறு அறியத்தக்கதே. 1685-இல் பிரான்சு மன்னர் சமய உரிமைகளைப் பறித்தபோது தப்பியோடி வந்த ஹ்யூகனாட் என்னும் புராட்டஸ்டண்ட் கிறிஸ்தவர்கள், பிரிக் லேனை ஒட்டிய ஸ்பிட்டல்ஃபீல்ட்ஸில் குடியேறிப் பட்டு நெய்தார்கள். 1760-களில் கூலிக் குறைப்பை எதிர்த்து இப்பகுதி நெசவாளர்கள் கிளர்ந்தெழுந்து, தறியிலிருந்த பட்டையே அறுத்தெறிந்தார்கள். 1769 டிசம்பரில் அவர்களுள் இருவர் பெத்னல் கிரீனில் மக்கள் முன்னிலையில் தூக்கிலிடப்பட்டனர். 1773-இல் நெசவுக் கூலியை முறைப்படுத்தும் சட்டம் வந்தது. நூறாண்டு கழிந்ததும் ரஷ்யப் பேரரசின் கொடுமைக்குத் தப்பிய யூதர்கள் அதே வீடுகளில் தையல் இயந்திரங்களோடு அமர்ந்தார்கள். 1936 அக்டோபர் 4 அன்று மோஸ்லியின் கருஞ்சட்டைப் பாசிஸ்டுகள் காவல்துறையின் துணையோடு இவ்வழியே அணிவகுத்து வர முனைந்தபோது, யூதர்களும் ஐரிஷ் துறைமுகத் தொழிலாளர்களும் கேபிள் தெருவில் தடுப்பரண்கள் எழுப்பி வழிமறித்தார்கள். அணிவகுப்பு திரும்பிப் போயிற்று. அதன் மாபெரும் சுவரோவியம் இன்றும் அத்தெருவிலிருக்கிறது.

யூதர்களுக்குப் பின் வந்தோர் நம் சகோதரர்கள், சில்ஹட் பகுதி வங்காள முஸ்லிம்கள். கப்பல்களில் பணியாற்ற வந்து கரையேறியவர்கள் தொடங்கி வைக்க, பின்னர்க் குடும்பங்கள் வந்தன. ஆடைப் பட்டறைகளிலும் தோல் பட்டறைகளிலும் உழைத்தார்கள். 1978 மே 4 அன்று அல்தாப் அலி என்னும் இளம் தொழிலாளி வேலை முடிந்து வீடு திரும்பும் வழியில் இனவெறியரால் கொல்லப்பட்டார். பத்து நாள் கழித்து ஏறத்தாழ 7,000 பேர் அவரது சவப்பெட்டியின் பின்னே நடந்து பிரதமர் இல்லம் வரை சென்றார்கள். அதுவரை ‘தலை குனிந்து போய்விடு’ என்று பிள்ளைகளுக்குச் சொல்லிவந்த தந்தையரும் அன்று வீதிக்கு வந்தார்கள் என்றார் வழிகாட்டி. அவர் கொல்லப்பட்ட இடத்தருகே இருந்த தேவாலயத் தோட்டம் இன்று அல்தாப் அலி பூங்கா. டாக்காவின் ஷஹீத் மினாரை ஒத்த சிறிய நினைவுச் சின்னமும் அங்குண்டு.

பின்னர் எல்லா நடைப்பயணங்களும் நிற்குமிடத்தில் நம் குழுவும் நின்றது. ஃபோர்னியர் தெரு முனையிலுள்ள பிரிக் லேன் ஜாமிஆ மஸ்ஜித்தான் அவ்விடம். 1743-இல் ஹ்யூகனாட்களின் தேவாலயமாக எழுந்த கட்டடம் அது. 1819-இல் மெதடிஸ்டுகளின் கைக்கு வந்தது, 1898-இல் யூதர்களின் ஜெபாலயமாயிற்று, 1976 முதல் பள்ளிவாசலாக விளங்குகிறது. உயரே பழைய சூரியக் கடிகாரமொன்றில் ‘நாம் நிழல்களே’ என்று பொருள்படும் இரு லத்தீன் சொற்கள் பொறிக்கப்பட்டுள்ளன. வழிகாட்டிகள் இதைச் சொல்லும்போது குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள் போலும். எல்லோரும் அண்ணாந்து படமெடுத்தார்கள். அவ்வேளை லுஹர் தொழுது வெளிவந்த முதியவர் ஒருவர், கேமராக்களுக்கு இடையே வழி கிடைக்காமல் வாசற்படியில் நின்றுகொண்டிருந்தார். ஸலாம் கூறினோம். பதில் கூறிப் புன்னகைத்தார். குழுவில் எவரும் அவரைப் பார்க்கவில்லை. அவரது தலைமுறையின் வீரத்தைப் பற்றித்தான் அப்போது பேச்சு நடந்துகொண்டிருந்தது.

நம் கருத்து இங்குதான் தொடங்குகிறது. வரலாறு சொல்வதில் பிழையில்லை. வரலாற்றுக்கு உரியவர்கள் அருகில் நிற்கும்போதே அவர்களைக் கடந்த காலமாக ஆக்கிவிடுவதில்தான் பிழை இருக்கிறது.

அவர்கள் கடந்த காலமாக ஆகிக்கொண்டிருப்பதும் உண்மைதான். ரன்னிமீட் டிரஸ்ட் என்னும் ஆய்வு நிறுவனம் 2020-இல் வெளியிட்ட அறிக்கையின்படி, பதினைந்து ஆண்டுகளுக்கு முன் பிரிக் லேனில் வங்காள உணவகங்கள் 60 இருந்தன. அறிக்கை வெளிவந்தபோது எஞ்சியவை 23. வீதியின் நடுவே இருந்த ட்ரூமன் மதுவடிப்பாலை 1989-இல் மூடப்பட்டபின் அவ்வளாகம் காட்சிக் கூடங்களும் கடைகளும் நிறைந்த இடமாயிற்று. அங்கு வணிக வளாகமும் அலுவலகங்களும் கட்டும் திட்டத்தை எதிர்த்து 7,000-க்கும் மேற்பட்ட கடிதங்கள் சென்றும், 2021-இல் உள்ளூராட்சிக் குழு ஒப்புதல் அளித்தது. விவகாரம் நீதிமன்றங்கள் வரை போயிற்று. சவப்பெட்டியின் பின் நடந்தோரின் எண்ணிக்கையும் கடிதங்களின் எண்ணிக்கையும் ஏறத்தாழ ஒன்றாயிருப்பதை வழிகாட்டி குறிப்பிடவில்லை. நமக்கு அது உறுத்தியது.

ஃபோர்னியர் தெரு வீடுகளின் கதை இன்னும் வியப்பானது. நெசவாளர்க்கு வெளிச்சம் வேண்டி மாடியில் அகன்ற சாளரங்களோடு கட்டப்பட்ட வீடுகள் அவை. 1970-களில் இடிபடவிருந்த இத்தகைய வீடுகளை மரபார்வலர்கள் போராடிக் காத்தார்கள். எல்டர் தெருவில் இடிக்க வந்தோரை மறிக்க வீட்டினுள்ளேயே குடியமர்ந்தார்கள். பாராட்டத்தக்க செயல். ஆனால் காப்பாற்றப்பட்ட வீடுகளின் விலை ஏறிற்று. அங்கே பட்டறை வைத்திருந்த வங்காளத் தையற்காரருக்கு அவ்வீதியில் இடமில்லாமல் போயிற்று. தாமே விற்று ஆதாயம் கண்டோரும் உண்டு. எல்லாரையும் விரட்டப்பட்டோர் என்று எழுதினால் அது நீதியாகாது. 2021 கணக்கெடுப்பின்படி டவர் ஹாம்லெட்ஸ் மாவட்ட மக்களில் ஏறத்தாழ 40 விழுக்காட்டினர் முஸ்லிம்கள். எனவே நம்மவர் முற்றாக மறையவில்லை. ஆயினும் வீடு கட்டுப்படியாகாமல் நியூஹாம், ரெட்பிரிட்ஜ், பார்க்கிங் எனக் கிழக்கே கிழக்கே போகின்ற குடும்பங்கள் ஏராளம்.

கேட்கத்தக்க இன்னொரு செய்தியும் அந்நடையில் கிடைத்தது. 1970-களில் வங்காளக் குடும்பங்கள் ஓர் அறையில் ஆறு, ஏழு பேராக நெருங்கிக் கிடக்கையில், பொது அதிகார அமைப்புகளுக்கு உரிய கட்டடங்கள் பூட்டிக் கிடந்தன. 1976-இல் ‘பெங்காலி ஹவுசிங் ஆக்‌ஷன் குரூப்’ என்னும் அமைப்பு தோன்றியது. அதன் ஆங்கில முதலெழுத்துகளைச் சேர்த்துப் படித்தால் வங்காளியில் புலியைக் குறிக்கும் சொல்லின் ஒலி வரும். அவர்கள் பூட்டிய வீடுகளைத் திறந்து குடும்பங்களைக் குடியேற்றினார்கள். குழுவினர் கைதட்டினார்கள். நமக்குக் கை எழவில்லை. பிறர் உடைமையை உரிமையின்றிப் பற்றிக்கொள்வதை நம் ஃபிக்ஹு நூல்கள் ‘கஸ்பு’ எனக் குறிப்பிட்டு வன்மையாகத் தடுக்கின்றன. போராட்டம் என்ற பெயர் வந்துவிட்டால் ஹலாலும் ஹராமும் மாறிவிடுவதில்லை என்பதைப் பிள்ளைகளுக்குச் சொல்லியே ஆகவேண்டும். ஆனால் அவை தனியொருவரின் வீடுகள் அல்ல. மக்களுக்கு வீடளிக்கும் பொறுப்பை ஏற்ற அமைப்பு, வீடற்றோரை வாசலில் நிறுத்திவிட்டு அறைகளைப் பூட்டி வைத்திருந்தது. அமானிதத்தில் தவறியது முதலில் எவர் என்று கேட்டால், பூட்டியவர் என்பதே நம் கருத்து. பின்னாளில் அவ்வமைப்பே அக்குடும்பங்கள் பலவற்றுக்கு அருகிலேயே வீடு ஒதுக்கிற்று.

இரவு நேரக் கொலை நடைகளைப் பற்றி ஒரு சொல். 1888-இல் வைட்சேப்பலில் ஏழைப் பெண்களைக் கொன்ற, இன்றளவும் பிடிபடாத ஒருவனின் பெயரால் மாலைதோறும் கூட்டங்கள் சிரித்துக்கொண்டே செல்கின்றன. கேபிள் தெருவில் பெண்களின் வரலாற்றைக் கூறும் அருங்காட்சியகம் வரப்போவதாகச் சொல்லப்பட்டு, 2015-இல் திறந்தபோது அது அக்கொலைகாரனின் அருங்காட்சியகமாக இருந்தது. தபூக் பயணத்தின்போது ஸமூது கூட்டத்தார் வாழ்ந்த ஹிஜ்ர் பகுதியைக் கடந்த அண்ணல் நபி (ஸல்) அவர்கள், அழுதவர்களாக அன்றி அங்கு நுழைய வேண்டாம் என்று தோழர்களைத் தடுத்து, தாமும் தலையை மூடிக்கொண்டு விரைந்து கடந்தார்கள். அது இறைத் தண்டனை இறங்கிய இடம், வைட்சேப்பல் அத்தகையதன்று. என்றாலும், மரணம் நிகழ்ந்த மண்ணில் எத்தகைய உள்ளத்தோடு கால்வைப்பது என்ற பாடத்தை அதிலிருந்து எடுத்துக்கொள்ளலாம் அன்றோ? பிள்ளைகளை அந்நடைக்கு அழைத்துச் செல்லாதீர்கள்.

இனி நம்மவரைப் பார்த்தே ஒரு கேள்வி. அந்தப் பள்ளிவாசல் கட்டடம் ஏன் மூன்று முறை கைமாறிற்று? எவரும் வாளெடுத்துப் பறிக்கவில்லை. தொழுகையாளிகள் வேறிடம் குடிபெயர்ந்தார்கள்; கட்டடம் காலியாயிற்று; விற்றார்கள். சுற்றிலும் மக்கள் குடியில்லாத வழிபாட்டுத் தலம் எதுவாயினும் அவ்வழியே போகும். வைட்சேப்பல் சாலையில் 1985-இல் எழுந்த கிழக்கு லண்டன் பள்ளிவாசலை ஒட்டி யூத ஜெபாலயம் ஒன்று நெடுங்காலம் இருந்தது. நல்ல அண்டை வீட்டாராகவே இரண்டும் நின்றன. வருவோர் குறைந்து அது மூடப்பட்டு, 2015-இல் பள்ளிவாசலுக்கே விற்கப்பட்டது. மகிழ்ச்சி கொள்ளவேண்டிய செய்தியாக மட்டும் இதை நாம் படித்தால் பாடம் தவறிவிடும்.

உமர் (ரலி) அவர்கள் கைபரில் கிடைத்த நிலத்தை என்ன செய்வதென்று கேட்டபோது, மூலத்தை நிறுத்திவைத்து விளைச்சலை அறம் செய்ய நபியவர்கள் (ஸல்) வழிகாட்டினார்கள். அதை விற்கவும் கூடாது, அன்பளிப்பாகத் தரவும் கூடாது, அது வாரிசுக்கும் போகாது. உஸ்மான் (ரலி) அவர்கள் ரூமா கிணற்றை வாங்கி மக்களுக்கு விட்டார்கள். வக்ஃப் என்பது தொடக்க முதலே பள்ளிவாசலுக்கு மட்டும் உரியதன்று. நிலமும் கிணறும் வீடும் கடையும் வக்ஃபாயின. இன்று பள்ளி எழுப்பவும் மினாரா உயர்த்தவும் அள்ளிக் கொடுக்கிறோம். பள்ளியைச் சுற்றி ஏழைத் தொழுகையாளி குறைந்த வாடகையில் குடியிருக்க நான்கு வீடு, சிறு வணிகர் பிழைக்க நான்கு கடை வக்ஃப் செய்வோம் என்றால் கை சுருங்குகிறது. சந்தை விலை என்னவாயினும் விற்கவியலாத சொத்து ஒரு வீதியில் பத்து இருக்குமானால், அவ்வீதி மக்களை அவ்வளவு எளிதில் கலைக்க முடியாது. முன்னோர் விட்டுச்சென்ற வக்ஃப் நிலங்கள் அற்பக் குத்தகையில் கைநழுவிய கதைகளை நம் ஊர்களில் கேட்டு வளர்ந்த நமக்கு இது புதுச் செய்தியன்று. லண்டனில் வாழும் நம் பிள்ளைகள் புதிதாய் ஜமாஅத் அமைத்துக் கட்டடம் தேடும்போதேனும் இதை எண்ணிப் பார்க்கட்டும்.

நடைப்பயணமே வேண்டாம் என்று நாம் கூறவில்லை. நம் பிள்ளைகள் அன்று கற்றது வகுப்பறையில் ஒரு மாதம் சொன்னாலும் ஏறாது. போகிறவர்களுக்குச் சில சொற்கள் மட்டும். அப்பகுதியிலேயே பிறந்து வளர்ந்தவர் நடத்தும் நடையைத் தேடுங்கள். வீடற்றுத் தெருவில் வாழ்ந்தவர்களே வழிகாட்டும் நடைகளும் அங்குண்டு. அவர்களுக்குக் கொடுக்கும் கட்டணம் நல்ல இடம் சேரும். தொழுகை முடிந்து வருவோரை, குறிப்பாகப் பெண்களையும் சிறுவர்களையும், கேட்காமல் படமெடுக்காதீர்கள். வழிகாட்டி ஒவ்வொரு வீட்டின் முன்னும் ‘இங்கு முன்பு இன்னார் வாழ்ந்தார்’ என்பார். இப்போது வாழ்வோர் யார், வாடகை என்ன என்று கேளுங்கள். நாம் கேட்டோம். அவர் சற்றுத் தயங்கி, தாமும் இப்பகுதியில் வீடெடுக்க இயலாமல் ஒரு மணி நேரம் ரயிலில் வந்துபோவதாகக் கூறினார். அதன் பிறகு அந்நடையில் அவர் பேசிய பேச்சு வேறாக இருந்தது.

ஆல்ட்கேட் ஈஸ்ட் நிலையத்தில் இறங்கினால் அல்தாப் அலி பூங்கா சில நிமிட நடைதான். அங்கிருந்து தொடங்குங்கள். லுஹருக்கு முன் பிரிக் லேன் பள்ளியை அடையுமாறு நேரத்தை வகுத்துக்கொண்டால், நடையின் நடுவே வெளியில் நின்று அண்ணாந்து பார்க்கும் கூட்டத்தில் நீங்கள் இருக்கமாட்டீர்கள். உள்ளே ஸஃப்பில் இருப்பீர்கள். தொழுதபின் முதியவர்கள் சிறிது நேரம் அமர்ந்திருப்பார்கள். பிள்ளைகளை அவர்களிடம் அனுப்பி ஸலாம் கூறச் சொல்லுங்கள். 1978-இல் எங்கிருந்தீர்கள் என்று கேட்கச் சொல்லுங்கள்.