கோப்பை இருந்தது, கூட்டம் இல்லை

தோற்றவன் கடையைக் கட்டுவது உலக வழக்கம். ஜெயித்தவனே கடையைக் கட்டினால் அதை என்னவென்பது? அப்படி ஒரு வேடிக்கை லண்டன் மாநகரில் நடந்தது. 1976-ல் அங்கு வந்து, 1977-ல் பிரிட்டிஷ் லீக் சாம்பியன் பட்டம் பெற்று, 1978 முடிவில் மறைந்து போன 'ஒயிட் சிட்டி ரெபெல்ஸ்' என்ற மோட்டார் சைக்கிள் அணியின் கதை அது.

அந்த ஆட்டத்தின் பெயர் ஸ்பீட்வே. நீள்வட்ட மண் பாதை. அணிக்கு இருவராக நான்கு பேர், நான்கு சுற்று. வண்டிக்கு பிரேக் கிடையாது. கியரும் ஒன்றுதான். பெட்ரோலுக்குப் பதில் மெத்தனால். திருப்பத்தில் இடது காலைத் தரையில் தேய்த்து, பின்சக்கரத்தைச் சறுக்கவிட்டு ஓட்ட வேண்டும். முதலில் வருபவருக்கு 3 பாயிண்ட், அடுத்தவருக்கு 2, மூன்றாமவருக்கு 1. கடைசி ஆளுக்குப் பூஜ்யம்.

இந்த அணி முதலில் லண்டனைச் சேர்ந்ததல்ல, ஆக்ஸ்போர்டு அணி. ஆக்ஸ்போர்டு என்றதும் பல்கலைக்கழகம்தான் நினைவுக்கு வரும். ஆனால் அதே ஊரில் கௌலி என்று ஒரு பேட்டை உண்டு. மோட்டார் கார் தொழிற்சாலைப் பேட்டை. ஸ்டேடியமும் அங்கேதான். 1975-ல் அந்த ஸ்டேடியத்தை இடித்து வீடு கட்டப் போகிறார்கள் என்ற நிலை வந்தது. அணியை நடத்தியவர்கள் மூட்டை கட்டிக்கொண்டு லண்டன் ஒயிட் சிட்டிக்குப் போனார்கள்.

ஒயிட் சிட்டி சாதாரண இடமா? 1908 ஒலிம்பிக் பந்தயத்துக்காகக் கட்டிய பிரம்மாண்டமான ஸ்டேடியம். அணியிலும் குறையில்லை. கார்டன் கென்னெட் 1978 உலகப் போட்டியில் இரண்டாவதாக வந்தவர். போலந்து நாட்டிலிருந்து மாரெக் செஷ்லாக் வந்து ஓட்டினார். இரண்டாம் வருஷமே லீக் பட்டம் கைக்கு வந்தது.

வராதது ஜனங்கள்தான். லண்டனில் விம்பிள்டனுக்கு ஓர் அணி, ஹாக்னிக்கு ஓர் அணி ஏற்கெனவே இருந்தன. அந்தந்தப் பேட்டைக்காரர்கள் தங்கள் அணியை விட்டு ஏன் வருவார்கள்? அவ்வளவு பெரிய ஸ்டேடியத்தில் சிறு கூட்டம். வசூல் கட்டவில்லை. 1978-ஓடு கதவை மூடினார்கள். லீக்கில் அவர்களுடைய இடம் ஈஸ்ட்போர்ன் அணிக்குப் போயிற்று.

நடத்தியவர்களை மட்டும் குற்றம் சொல்வது நியாயமல்ல. தலைக்குமேல் கூரை போகிறது என்றால் யாரும் வேறு இடம் பார்க்கத்தான் செய்வார்கள். ஆனால் அவர்கள் போட்ட கணக்கில் ஒன்று விட்டுப் போயிற்று. ஏழு வீரர்களும் வண்டிகளும் சேர்ந்தால் அணி என்று நினைத்தார்கள். வேலை முடிந்து வந்து, டிக்கெட் வாங்கி, தொண்டை வற்றக் கத்துகிறவனும் அணியில் சேர்ந்தவன்தான். அவனுக்கு யாரும் டிரான்ஸ்பர் ஆர்டர் கொடுக்க முடியாது.

ஆக்ஸ்போர்டில் நடந்ததைப் பாருங்கள். ஊர் ஜனங்கள் இயக்கம் நடத்தி ஸ்டேடியத்தைக் காப்பாற்றினார்கள். 1976-லேயே 'சீட்டாஸ்' என்ற பெயரில் அங்கு ஓர் அணி கீழ்நிலை லீக்கில் ஓடத் தொடங்கியது. பெரிய வீரர்கள் போய்விட்டார்கள், ஊர் போகவில்லை. பின்னர் 2007-ல் பந்தயம் நின்றது, 2012-ல் ஸ்டேடியமே மூடப்பட்டது. ஆனாலும் 2022-ல் அதே இடத்தில் மறுபடி வண்டிகள் உறுமின. ஒலிம்பிக் கண்ட ஒயிட் சிட்டியோ 1985-ல் இடிக்கப்பட்டது. அந்த இடத்தில் பி.பி.சி. கட்டடம் எழும்பியது.

ஊர் கூடித் தேர் இழுக்க வேண்டும் என்று நம் பெரியவர்கள் சும்மா சொல்லவில்லை. வெளிமாநிலங்களில் சங்கமும் மன்றமும் பந்துக் குழுவும் நடத்தும் நம்மவர்கள் இதை யோசிக்க வேண்டும். பெரிய ஹாலும் கோப்பையும் வெளியூர் ஆட்டக்காரரும் இரண்டு வருஷத்துக்கு வரும். தெருக்காரன் மனசு வைத்தால் அடுத்த தலைமுறை வரைக்கும் வரும்.