அர்தேஷிர் இரானியும் 'முதல்' என்ற சொல்லும்

அர்தேஷிர் இரானியைப் பற்றி எழுதுவோர் 'முதல்' என்ற சொல்லைத் தாண்டிச் செல்வதேயில்லை. இந்தியாவின் முதல் பேசும்படம் 'ஆலம் ஆரா', தென்னாட்டின் முதல் பேசும்படம் 'காளிதாஸ்', முதல் பாரசீகப் பேசும்படம் 'தொக்தரே லோர்', உள்நாட்டிலேயே பதனிடப்பட்ட முதல் வண்ணப்படம் 'கிசான் கன்யா'. போட்டித்தேர்வுக்கு இவ்வளவு போதும். மொழியியல் பயின்ற எனக்கோ அவருடைய வாழ்வில் வேறொன்று பெரிதாகப் படுகிறது. திரை வாய்திறந்தபோது யார், எந்த மொழியில், எவ்வளவு பேசலாம் என்று தீர்மானிக்கும் பொறுப்பு இந்தியாவில் முதன்முதலாக ஒரு தயாரிப்பாளரின் கையில் விழுந்தது. அந்தக் கை இரானியுடையது.

1886இல் புனேயில் ஜொராஸ்டிரியக் குடும்பமொன்றில் பிறந்தவர் அவர். தந்தையார் பம்பாயில் இசைக்கருவிகளும் போனோகிராபும் விற்றவர். ஒலியோடு மகனுக்கு வாய்த்த உறவு கடையிலேயே தொடங்கிவிட்டது எனலாம். பின்னர் அப்துல் அலி யூசுப் அலியுடன் கூட்டுச் சேர்ந்து அலெக்சாண்டர் திரையரங்கை நடத்தினார். 1926இல் இம்பீரியல் நிறுவனத்தைத் தோற்றுவித்தார். பாதி பேசியும் பாதி மௌனமாயும் ஓடிய 'ஷோ போட்' என்ற அமெரிக்கப் படத்தைக் கண்ட பிறகுதான் முழுதும் பேசும் படமெடுக்கும் துணிவு அவருக்கு வந்தது. படப்பிடிப்புத் தளத்தின் அருகே ரயில்பாதை. எனவே ரயில்கள் ஓய்ந்த நள்ளிரவுக்குப் பின்னரே ஒலிப்பதிவு. அமெரிக்கப் பொறியாளர் டெமிங்கிடம் கற்றுக்கொண்டு, ரூஸ்தம் பரூச்சாவுடன் சேர்ந்து தாமே ஒலிப்பதிவு செய்தார். 1931 மார்ச் 14இல் பம்பாய் மெஜஸ்டிக் அரங்கில் 'ஆலம் ஆரா' திரையேறியது.

இந்த வெற்றிக்கதையில் நாம் எளிதில் கடந்துபோகும் ஒரு பகுதி உண்டு. இம்பீரியலின் மௌனப்படங்களில் கொடிகட்டிப் பறந்த சுலோசனா, பாக்தாதி யூத மரபில் வந்த ரூபி மையர்ஸ். முகத்தால் நாட்டையே ஆண்டவருக்கு ஒலி வந்ததும் நாக்கு தடையாயிற்று. ஓராண்டு ஒதுங்கியிருந்து இந்துஸ்தானி பயின்ற பின்னரே அவரால் மீள முடிந்தது. 'ஆலம் ஆரா'வின் நாயகன் மாஸ்டர் விட்டலுக்கு உருது உச்சரிப்புச் சரியாக வரவில்லை. படத்தின் பெரும்பகுதியில் அவர் அரைமயக்கத்தில் கிடக்கும்படி கதையை அமைத்துவிட்டார்கள் என்பார்கள். சிரிப்பு வருகிறது. ஆனால் 'திருத்தமான' மொழி எது என்று ஒலிவாங்கி வரையறுக்கத் தொடங்கிய தருணம் அதுவே.

அதே ஆண்டு அக்டோபர் 31இல் சென்னை கினிமா சென்ட்ரலில் 'காளிதாஸ்' வெளியாயிற்று. எச்.எம்.ரெட்டி இயக்கம், பம்பாயில், 'ஆலம் ஆரா'வுக்குப் போட்ட அரங்க அமைப்பிலேயே எடுக்கப்பட்டது. நாயகி டி.பி.ராஜலட்சுமி தமிழில் பேசினார். நாயகன் தெலுங்கில் விடையிறுத்தார். சிறு வேடமேற்ற எல்.வி.பிரசாத் இந்தியில் பேசினார். 'இது தமிழ்ப்படமா?' என்ற விவாதம் ஆண்டுதோறும் இங்கே கிளம்புகிறது, கூடவே கேலியும். கேலிக்கு ஒரு விடை காளிதாசனிடமே உண்டு. சாகுந்தலத்தில் துஷ்யந்தன் வடமொழி பேசுகிறான். சகுந்தலை பிராகிருதம் பேசுகிறாள். மோதிரத்தோடு பிடிபடும் மீனவன் மாகதி பேசுகிறான். மொழிபெயர்ப்பாளர் யாருமின்றி எல்லாரும் எல்லாரையும் புரிந்துகொள்கிறார்கள். இரானி இதையெல்லாம் எண்ணிப்பார்த்துச் செய்தார் என்று நான் கூறவில்லை. அவர் வணிகர்; கைக்குக் கிடைத்த நடிகர்களை வைத்துப் படத்தை முடித்தார். ஆயினும் ஒரு படத்துக்கு ஒரே மொழிதான் என்ற விதி அன்று இன்னும் இறுகவில்லை என்பதை அந்தப் படம் காட்டுகிறது.

ஆகவேதான் இரானியை இன்றைய 'பான் இந்தியா' படங்களின் முன்னோடி என அழைப்பதை நான் ஏற்பதில்லை. இன்று ஒரு நடிகரின் உதட்டசைவின்மேல் ஐந்து மொழிகளை ஒட்டுகிறோம். அவ்வசதி இல்லாத 1931இல் ஒரு மொழி திரையில் கேட்க வேண்டுமானால் அம்மொழியைப் பேசும் ஓர் உடல் ஒலிவாங்கியின்முன் வந்து நின்றாக வேண்டும். ராஜலட்சுமி பம்பாய்க்குப் போனது அதனால்தான். அவர் முகமும் குரலும் ஒருவருடையவை. பின்னணிக் குரலுக்கு மாறியதில் சந்தை விரிந்தது. பேசுகிறவருக்கும் பேச்சுக்கும் இருந்த தொடர்பு அறுந்தது. இரண்டையும் ஒரே பெயரால் அழைப்பது வரலாற்றுச் சோம்பல்.

'கிசான் கன்யா'வைப் பற்றி விரிக்க இங்கு இடமில்லை. அதற்கு எழுதியவர் சாதத் ஹசன் மண்ட்டோ என்பதை மட்டும் குறித்துவைக்கிறேன். 1969இல் இரானி மறைந்தார். நைட்ரேட் சுருள்களிலிருந்து வெள்ளியைப் பிரித்து விற்பது வழக்கமாயிருந்த காலம் அவருடையது. 'ஆலம் ஆரா'வின் படச்சுருள் இன்று இல்லை. 'காளிதா'ஸும் இல்லை. பாடல்களின் பட்டியல் உண்டு, சில நிழற்படங்கள் உண்டு, விளம்பரங்கள் உண்டு. எஞ்சியிருப்பது 1933இல் ஈரானியருக்காக அப்துல் ஹுசைன் செபந்தாவுடன் பம்பாயில் எடுத்த 'தொக்தரே லோர்'. அதன் நாயகி ரூஹங்கீஸ் சாமிநெஜாதின் கெர்மான் வட்டார உச்சரிப்பை இன்றும் ஒலியோடு கேட்கலாம். பாரசீக வட்டார வழக்கை ஆராய்கிறவர் அவருடைய உயிரொலிகளை அளந்துகூடப் பார்க்கலாம். 1931இல் ராஜலட்சுமி பேசிய தமிழுக்கு அந்த வாய்ப்பு இல்லை.