மாதத் தவணையை மட்டும் கேட்டால் போதுமா?

தோட்டப்புற மக்களுக்குச் சொந்த வீடு வேண்டும் என்பதில் நமக்கு இரண்டு கருத்து கிடையாது. காட்டை வெட்டி, ரப்பர் நட்டு, பிறகு செம்பனை நட்டு இந்த நாட்டை வளப்படுத்தியவர்கள் நம்மவர்கள். அவர்கள் வேலையிலிருந்து ஓய்வு பெற்றதும், லயத்து வீட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டு மூட்டை முடிச்சோடு வெளியே வரவேண்டியிருக்கிறது. தோட்டம் கைமாறினாலும் இதே கதி. வீடமைப்புக்கு நிலம் போனாலும் இதே கதி. இன்று நாட்டின் நிர்வாகத் தலைநகராக விளங்கும் புத்ராஜெயாவின் மண்ணில் ஒரு காலத்தில் பிராங் பெசார் தோட்டம் இருந்தது என்பதை நாம் மறந்துவிடக் கூடாது. தோட்டம் நமக்கு வேலை கொடுக்கும். கூரையை நமக்கு எழுதிக் கொடுக்காது. ஆகவே சொந்த வீடு ஆடம்பரம் அல்ல, தேவை.

ஆனால், அந்த வீட்டை வாங்கப் போகும்போது நம்மவர் கேட்கும் கேள்விதான் நமக்குக் கவலை தருகிறது.

"மாசம் எவ்வளவுங்க கட்டணும்?"

இந்த ஒரு கேள்வியோடு முடிந்துவிடுகிறது. வீடு விற்க வந்தவரும் சிரித்த முகத்தோடு ஒரு தொகையைச் சொல்கிறார். நாமும் மனதுக்குள் சம்பளத்தைப் போட்டு, கடை பாக்கியைக் கழித்து, பிள்ளைகளின் பள்ளிச் செலவைக் கழித்து, "சரி, சமாளிச்சிடலாம்" என்று பேனாவைப் பிடிக்கிறோம். எத்தனை வருடம், எந்த வயது வரை, மொத்தம் எவ்வளவு என்று எத்தனை பேர் கேட்கிறோம்?

கணக்கைப் போட்டுத்தான் பார்ப்போமே. ஒருவர் வங்கியில் ஒரு லட்சம் வெள்ளி வீட்டுக் கடன் வாங்குகிறார். வட்டி ஆண்டுக்கு நாலரை விழுக்காடு என்று வைத்துக்கொள்வோம். 20 ஆண்டில் கட்டினால் மாதத் தவணை சுமார் 633 வெள்ளி. 30 ஆண்டு என்றால் 507 வெள்ளி. 35 ஆண்டு என்றால் 473 வெள்ளி. 2013 ஜூலை முதல் வீட்டுக் கடனுக்கு 35 ஆண்டுதான் உச்ச வரம்பு என்று பேங்க் நெகாரா நிர்ணயித்திருக்கிறது.

இங்கேதான் 473 வெள்ளி கண்ணுக்கு இனிமையாகத் தெரிகிறது. 2025ஆம் ஆண்டில் நடப்புக்கு வந்த குறைந்தபட்சச் சம்பளம் 1,700 வெள்ளி. அதில் சேமநிதிக்கு 11 விழுக்காடும் சொக்சோவுக்குச் சில வெள்ளியும் போனால் கைக்கு வருவது ஏறக்குறைய 1,500 வெள்ளி. அப்படிப்பட்டவர் குறைந்த தவணையை நாடுவதில் குற்றம் சொல்ல முடியாது. ஆனால் அந்தக் குறைந்த தவணைக்கு அவர் கொடுக்கும் விலை என்ன?

20 ஆண்டில் கட்டி முடித்தால் மொத்தம் சுமார் 1,51,800 வெள்ளி. 30 ஆண்டில் 1,82,400 வெள்ளி. 35 ஆண்டில் 1,98,800 வெள்ளி! வாங்கியது ஒரு லட்சம். கட்டுவது ஏறக்குறைய இரண்டு லட்சம். 30 ஆண்டை 35 ஆக நீட்டுவதால் மாதம் 33 வெள்ளி குறைகிறது. அந்த 33 வெள்ளிச் சலுகைக்கு நாம் கூடுதலாகக் கொடுக்கும் வட்டி 16,000 வெள்ளிக்கும் மேல். சொல்லுங்கள், இது சலுகையா?

வட்டி எப்படித் தின்கிறது?

கடைக்காரரிடம் உள்ள 555 நோட்டுப் புத்தகம் நமக்குத் தெரியும். 100 வெள்ளி பாக்கி இருந்து 20 வெள்ளி கொடுத்தால், பாக்கி 80 என்று எழுதுவார். வங்கிக் கடன் அப்படி அல்ல. நாம் கட்டும் தவணையில் முதலில் அந்த மாதத்து வட்டி தன் பங்கை எடுத்துக்கொள்ளும். மிச்சம்தான் முதலில் கழியும்.

மேலே சொன்ன 35 ஆண்டுக் கடனில் முதல் மாதம் நாம் கட்டும் 473 வெள்ளியில் 375 வெள்ளி வட்டிக்கே போய்விடுகிறது. முதலில் கழிவது 98 வெள்ளி மட்டுமே. ஐந்து ஆண்டு ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டினால் நம் கையை விட்டுப் போனது 28,400 வெள்ளி. கடனில் குறைந்தது 6,600 வெள்ளி. பாக்கி இன்னும் 93,400. "அஞ்சு வருசமா கட்டுறேன், இன்னும் இவ்வளவு பாக்கியா?" என்று வங்கிக் கடிதத்தைப் பார்த்துத் திகைக்கிறவர்கள் யாரும் ஏமாற்றப்பட்டவர்கள் அல்ல. கணக்கே அப்படித்தான். கடன் முதல் பாதியாகக் குறைவதற்கே ஏறக்குறைய 24 ஆண்டுகள் பிடிக்கும்.

இன்னொரு விஷயத்தையும் கவனிக்க வேண்டும். 35 வயதுக்காரர் 35 ஆண்டுக்குக் கடன் எடுத்தால், கடன் முடியும்போது அவருக்கு வயது 70. ஆனால் சட்டப்படி குறைந்தபட்ச ஓய்வு வயது 60. அந்த வயதில் அவர் மரம் வெட்டுவதை நிறுத்தும்போது கடன் பாக்கி சுமார் 45,600 வெள்ளி இருக்கும். சம்பளம் நின்ற பிறகு பத்து ஆண்டு யார் கட்டுவது? ஒன்று, சேமநிதிப் பணத்தை எடுத்து அப்படியே கொட்ட வேண்டும். இல்லையேல் பிள்ளையின் தோளில் ஏற்ற வேண்டும்.

பிள்ளையின் பெயரையும் கடனில் சேர்த்துவிடுவது இப்போது வழக்கமாகி வருகிறது. "அவனும்தானே இருக்கப்போறான்" என்கிறோம். ஆனால் கூட்டாகக் கையெழுத்திட்ட பிள்ளைக்கு அந்தக் கடன் முழுக்கவும் பொறுப்பு. நாளை அவன் கல்யாணம் செய்துகொண்டு தனக்கென்று ஒரு வீட்டுக்கு விண்ணப்பிக்கும்போது, அப்பா வீட்டுக் கடன் அவன் பெயரில் முன்னால் வந்து நிற்கும். தெரிந்து செய்தால் தியாகம்; தெரியாமல் செய்தால் சுமை.

தவணை நிலையானது அல்ல

கையெழுத்துப் போட்ட அன்று சொன்ன தவணையே கடைசிவரை இருக்கும் என்று நினைக்க வேண்டாம். பெரும்பாலான வீட்டுக் கடன்களின் வட்டி, பேங்க் நெகாராவின் ஓ.பி.ஆர். விகிதத்தோடு சேர்ந்து ஏறி இறங்கும். 2020 ஜூலையில் அது 1.75 விழுக்காடாக இருந்தது. 2022 மே மாதத்திலிருந்து படிப்படியாக ஏறி, 2023 மே மாதத்தில் 3 விழுக்காட்டைத் தொட்டது. 2025 ஜூலையில் 2.75 ஆகக் குறைந்தது. ஒன்றேகால் விழுக்காடு ஏற்றம் என்றால் காதுக்குச் சிறியது. ஆனால் ஒரு லட்சம் வெள்ளிக்கு, 35 ஆண்டுக் கடனுக்கு, 3.25 விழுக்காடு வட்டி 4.5 ஆக உயர்ந்தால் தவணை 399 வெள்ளியிலிருந்து 473 வெள்ளியாகிறது. மாதம் 74 வெள்ளி! அது ஒரு குடும்பத்தின் அரிசிப் பணம்.

2020இல் கோவிட் காலத்தில் ஆறு மாதத்துக்குத் தவணை ஒத்திவைக்கப்பட்டது. அதை மன்னிப்பு என்று நினைத்தவர்கள் உண்டு. தவணை நின்றது, வட்டி நிற்கவில்லை. ஒரு லட்சம் பாக்கிக்கு நாலரை விழுக்காட்டில் ஆறு மாத வட்டி 2,250 வெள்ளி. கஷ்ட காலத்தில் அந்த ஒத்திவைப்பு உதவிதான், இலவசம் அல்ல.

இவை போக, வீட்டின் விலைச் சீட்டில் எழுதாத செலவுகள் வேறு. வக்கீல் கட்டணம், முத்திரை வரி, கடன் காப்புறுதி. காப்புறுதிப் பணத்தையும் கடனோடு சேர்த்துவிட்டால், அதற்கும் 35 ஆண்டு வட்டி ஓடும். கட்டி முடியாத வீட்டை வாங்கினால், கட்டடம் எழ எழ வங்கி பணம் விடும். விட்ட பணத்துக்கு நாம் வட்டி கட்ட வேண்டும். திட்டம் பாதியில் கைவிடப்பட்டாலும் கடன் கைவிடப்படாது. குடிபோன பிறகு நிலவரி, மதிப்பீட்டு வரி, அடுக்குமாடி என்றால் பராமரிப்புக் கட்டணம். லயத்திலிருந்து நடந்து பெரட்டுக்குப் போனவர், தாமானிலிருந்து மோட்டார் சைக்கிளில் எண்ணெய் போட்டுக்கொண்டு போக வேண்டும். இதெல்லாம் மாதா மாதம் வரும் செலவு.

முன்பணத்துக்காகத் தனிக் கடன் எடுப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. "ஆறு விழுக்காடுதான்" என்று சொல்லும் தட்டை வட்டிக் கடனில், கடன் குறையக் குறைய வட்டி குறையாது. 10,000 வெள்ளியை ஐந்து ஆண்டில் அப்படிக் கட்டினால் வட்டி மட்டும் 3,000 வெள்ளி. வீட்டுக் கடன் போல் கணக்கிட்டால் அது 11 விழுக்காட்டை நெருங்கும். இரண்டையும் ஒரே தராசில் வைத்துப் பார்க்கக் கூடாது. ஆலோங்கிடம் போவதைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். அந்த வாசலை மிதிக்காமல் இருப்பதே புண்ணியம்.

அப்படியானால் வாங்கக் கூடாதா?

வாங்க வேண்டும். ஆனால் கணக்குத் தெரிந்து வாங்க வேண்டும். 35 ஆண்டுக் கடனைத்தான் எடுக்க முடிகிறது என்றாலும் ஒரு வழி இருக்கிறது. மேலே சொன்ன 473 வெள்ளியோடு மாதம் 50 வெள்ளி சேர்த்து, அது முதலில் கழியும்படி கட்டி வந்தால், கடன் சுமார் 28 ஆண்டில் முடிந்துவிடும். மிச்சமாகும் வட்டி ஏறக்குறைய 22,400 வெள்ளி. ஏழு ஆண்டு அடிமைத்தனம் குறைகிறது! ஆனால் கூடுதல் பணம் முதலுக்குத்தான் போகிறதா, அல்லது அடுத்த மாதத் தவணையாக எழுதி வைக்கிறார்களா என்பதை வங்கியில் கேட்டு உறுதி செய்துகொள்ள வேண்டும். ஆரம்ப ஆண்டுகளில் கட்டும் கூடுதல் வெள்ளிக்குத்தான் பலன் அதிகம் என்பதையும் நினைவில் வையுங்கள்.

சேமநிதியைப் பற்றியும் ஒரு வார்த்தை. 2024 மே மாதத்திலிருந்து 55 வயதுக்கு உட்பட்டவர்களின் சேமநிதி மூன்று கணக்குகளாகப் பிரிக்கப்பட்டு, வீட்டுக்காக எடுப்பது செஜாத்ரா கணக்கிலிருந்து என்று ஆகியிருக்கிறது. எடுக்கலாம் என்பதற்காக உடனே எடுத்துவிட வேண்டும் என்பதில்லை. சேமநிதி 2023ஆம் ஆண்டுக்கு 5.5 விழுக்காடும், 2024ஆம் ஆண்டுக்கு 6.3 விழுக்காடும் லாப ஈவு கொடுத்தது. நாலரை விழுக்காட்டுக் கடனை அடைக்க அதைவிடக் கூடுதலாகச் சம்பாதிக்கும் பணத்தை எடுப்பது லாபமா என்று யோசிக்க வேண்டும். அதே வேளையில், லாப ஈவு ஆண்டுக்கு ஆண்டு மாறும். 60 வயதில் கடன் இல்லாமல் தூங்குவதற்கும் ஒரு மதிப்பு உண்டு. இதைக் குடும்பத்தோடு உட்கார்ந்து பேசி முடிவு செய்யுங்கள். எடுத்த பணம் புதுச் சோபாவுக்கும் பெரிய தொலைக்காட்சிக்கும் போய்விட்டால், வட்டியும் மிஞ்சாது, முதுமைக்கும் மிஞ்சாது.

வங்கிக்குப் போகும்போது நான்கு கேள்விகளைத் தாளில் எழுதிக்கொண்டு போங்கள். மொத்தம் எவ்வளவு கட்டுவேன்? எனக்கு எத்தனை வயதாகும்போது கடன் முடியும்? வட்டி இரண்டு விழுக்காடு ஏறினால் தவணை எவ்வளவு? முன்கூட்டியே கட்டினால் அபராதம் உண்டா? வட்டி என்று சொன்னாலும், இஸ்லாமிய முறைக் கடனில் லாபம் என்று சொன்னாலும், இந்த நான்கு கேள்வியும் பொருந்தும். இவற்றுக்குப் பதில் சொல்லும் விவரத்தாளை வங்கி நமக்குத் தர வேண்டும். கேட்டு வாங்கி வீட்டுக்குக் கொண்டுவந்து, படித்த மகளையோ மகனையோ உட்கார வைத்து வரிக்கு வரி வாசிக்கச் சொல்லுங்கள். அன்றைக்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று யாராவது அவசரப்படுத்தினால், அந்த அவசரம் அவருக்கு, நமக்கு அல்ல.

ஏற்கெனவே கடனில் திணறுகிறவர்கள் கடிதத்தை அலமாரிக்குள் போட்டு மூட வேண்டாம். தவணை நின்றால் வீடு ஏலத்துக்குப் போகும். ஏலத்தில் வந்த பணம் போதாவிட்டால் மிச்சக் கடனும் நம் தலையில்தான். அந்த நிலை வருவதற்கு முன் வங்கியிடம் பேசுங்கள். 2006இல் தொடங்கப்பட்ட ஏ.கே.பி.கே. என்ற கடன் ஆலோசனை நிறுவனம் இலவசமாகவே உதவுகிறது. அங்கே போவதில் அவமானம் எதுவும் இல்லை.

பால் எடை ஒரு கிலோ குறைந்தாலும் மண்டோரிடம் நியாயம் கேட்டவர்கள் நம் பெற்றோர்கள். சம்பளச் சீட்டில் ஒரு நாள் பேர் விட்டுப்போனால் கிராணி வாசலில் நின்றவர்கள் நாம். ஒரு லட்சம் வெள்ளிக் கணக்கில் மட்டும் ஏன் வாயை மூடிக்கொண்டிருக்க வேண்டும்? இந்த ஞாயிற்றுக்கிழமையே வீட்டில் பென்சிலும் தாளுமாக உட்காருங்கள். வீடு வாங்கப்போகிறவர்கள் மொத்தக் கணக்கைப் போடுங்கள். வாங்கிவிட்டவர்கள் பாக்கி எவ்வளவு, எந்த வயதில் முடியும் என்று பாருங்கள்.