பதினாறுக்கு முன்னால்

ஸ்ரீதேவி என்று பேச்செடுத்தாலே எங்கள் போடிநாயக்கனூரில் இரண்டு பெருமைகள் சேர்ந்து வரும். சிவகாசிப் பக்கத்து மீனம்பட்டியில் பிறந்தவர் இந்தித் திரையுலகில் கோலோச்சினார் என்பது ஒன்று. அவரை மயிலாக்கியவர் நம் மாவட்டத்து அல்லிநகரம் பாரதிராஜா என்பது இன்னொன்று. இரண்டும் உண்மைதான். ஆனால் இந்தப் பெருமை எதை மறைக்கிறது?

கணக்குப் பார்ப்போம். அவர் பிறந்தது 1963 ஆகஸ்டில். 1976இல் வந்த 'மூன்று முடிச்சு' படத்தில் அந்த 13 வயதுச் சிறுமி, வயதில் மிக மூத்த ஒருவரின் மனைவி; ரஜினிகாந்துக்குச் சிற்றன்னை. '16 வயதினிலே' 1977 செப்டம்பரில் வெளியானபோது அவருக்கு வயது 14. அன்று பெண்ணின் சட்டப்படியான திருமண வயது 15. அதை 18 ஆக உயர்த்தியது 1978ஆம் ஆண்டின் திருத்தம். ஆக, சட்டம் தாலிகட்ட அனுமதிக்காத வயதுப் பிள்ளையை ஊர் ஆண்களெல்லாம் கண்வைக்கும் பருவப்பெண்ணாகத் திரையில் நிறுத்தினார்கள். கொட்டகை விசிலடித்தது. இன்றுவரை அதைப் பொற்காலம் என்கிறோம்.

"பிறவி நடிகை, அதற்கென்ன?" என்பார்கள். பிறவி நடிகைதான். 1967இலேயே 'கந்தன் கருணை'யில் குழந்தை முருகனாக நின்றவர். திறமை இருக்கிற பிள்ளைக்குப் பிள்ளைப்பருவம் வேண்டாமா? படிப்பை விட்டு ஏலத்தோட்டத்துக்கு ஜீப் ஏறும் சிறுமியையும் "என்ன கைவேகம்!" என்றுதான் மெச்சுகிறோம். பாராட்டைப்போல மலிவான கூலி வேறில்லை.

மயிலின் கதையையும் பாருங்கள். ஆசிரியையாகக் கனவு கண்டவள், கடைசியில் ரயில் நிலையத்தில் சப்பாணிக்காகக் காத்திருக்கிறாள். அந்தக் காத்திருப்பைக் காவியம் என்றோம். கலைந்துபோன கனவை எவரும் கேட்கவில்லை.

1983இல் 'ஹிம்மத்வாலா' அவரை இந்தியில் நட்சத்திரமாக்கியது. ஆனாலும் இந்திப் படங்கள் பலவற்றில் அவருக்கு இரவல் குரல்தான். 1989இல் 'சாந்தினி'யில்தான் அவரே பேசினார். 1997க்குப் பிறகு நீண்ட இடைவெளி. 2012இல் 'இங்கிலீஷ் விங்கிலீஷ்' வழியாகத் திரும்பினார். லட்டு பிடிக்கும் குடும்பத்தலைவியாக வந்து அவர் கேட்டது காதலை அல்ல, மரியாதையை. அந்தப் படத்தைப் பற்றி என் மாணவிகள் பேசும்போது தங்கள் அம்மாக்களைப் பற்றித்தான் பேசுகிறார்கள். அவருடைய உண்மையான செல்வாக்கை நான் அங்கேதான் காண்கிறேன்.

ஸ்ரீதேவியைக் கொண்டாடுங்கள். ஆனால் மயிலைக் கண்டு யாராவது "என்ன அழகு!" என்று உருகினால், "என்ன வயது?" என்று கேளுங்கள். அந்தக் கேள்வி நம் தெருவில் பள்ளியை விட்டு நிற்கும் பிள்ளைக்கும் உதவும்.